7.2-க்கும் 7.2-க்கும் நடுவுல

லேப்ல உட்கார்ந்துகிட்டு இதைப் படிக்கிறீங்கன்னா, ஒரு சின்ன வேலை செஞ்சு பாருங்க. மைஎஸ்க்யூஎல்-ல ஒரு டேபிள் உருவாக்குங்க. ஒரே ஒரு ஃபீல்டு போதும், அதோட டைப் ஃப்ளோட். அதுக்குள்ள 7.2-ன்னு ஒரு மதிப்பைப் போடுங்க. செலக்ட் அடிச்சா திரையில 7.2-ன்னு சமர்த்தா வந்து நிக்கும். இப்போ "வேர்" போட்டு, 7.2-க்குச் சமமா இருக்கற வரிசையை எடுன்னு கேளுங்க.

ஒண்ணும் வராது. "எம்ப்டி செட்."

சரி, 7.2-க்குச் சமம் அல்லது அதுக்கு மேலன்னு கேட்டுப் பாருங்க. அப்பவும் எம்ப்டி செட்தான். நீங்க போட்ட எண், திரையில உங்க கண்ணு முன்னாடி நிக்கிற எண், ஆனா டேட்டாபேஸ் "அப்படி யாரும் இங்க இல்லையே"ங்குது. கீபோர்டு கோளாறும் இல்ல, சாஃப்ட்வேர்ல பக்கும் இல்ல. எல்லாமே விதிப்படிதான் நடக்குது. அந்த விதி என்னன்னு தெரியாம இருந்தா என்ன ஆகும்னு சொல்லத்தான் இந்தக் கட்டுரை.

லிஸ்ட்ல இல்லாத நாலு பேர்

நான் மூணாம் வருஷம். பிளேஸ்மென்ட் வேலைகளுக்கு உதவி பண்ற மாணவர் குழுவில இருக்கேன். ஹால் ஏற்பாடு, நாற்காலி போடறது, வர்றவங்களுக்குத் தண்ணி பாட்டில் வைக்கறது, இடையில கொஞ்சம் கம்ப்யூட்டர் வேலை. தகுதிப் பட்டியல் எடுக்கற புரோகிராம் எங்களுக்கு முன்னாடி எந்த பேட்ச் எழுதினதோ, யாருக்கும் தெரியாது. வருஷக்கணக்கா ஓடிக்கிட்டிருந்துச்சு. கம்பெனி கேக்கற கட்ஆஃப்-ஐப் போட்டா, தகுதியானவங்க பேரு வரும். அவ்வளவுதான்.

ஒரு கம்பெனி வந்துச்சு. வழக்கமா எல்லாரும் 6.5, 7, 7.5, 8-ன்னு கேப்பாங்க. இவங்க கேட்டது 7.2. பட்டியல் எடுத்து நோட்டீஸ் போர்டுல ஒட்டியாச்சு. ஃபைனல் இயர் அக்கா ஒருத்தர் வந்து நின்னாங்க.

"தம்பி, என் சிஜிபிஏ 7.2. நோட்டீஸ்ல 7.2-உம் அதற்கு மேலும்னு போட்டிருக்கு. என் பேரு இல்லையே?"

சார்கிட்ட கூட்டிட்டுப் போனேன். அவர் நல்லவர்தான், ஆனா அன்னைக்கு அவருக்கு மூச்சு விட நேரமில்ல. "கம்ப்யூட்டர் எடுத்த லிஸ்ட்மா, அதுல எப்படித் தப்பு வரும்? உன் மார்க் 7.19 ஏதாவது இருக்கும், பாரு"ன்னார். அக்கா மார்க் ஷீட்டை எடுத்து மேஜை மேல வெச்சாங்க. 7.20. சார் திரையைத் திருப்பி அவங்க பேரைத் தேடினார். அங்கயும் 7.2. பட்டியல் எடுத்த க்வெரியைத் திறந்தார். 7.2-க்குச் சமம் அல்லது மேல. எல்லாமே சரியா இருந்துச்சு. பேரு மட்டும் இல்ல.

அந்த அறையில இருந்த யாருக்கும் என்ன பதில் சொல்றதுன்னு புரியல. தப்பு எங்கன்னு காட்ட முடியாத இடத்துல, தப்பு எப்பவும் சின்னவங்க தலையிலதான் விழும். "டெட்லைன் முடிஞ்சிடுச்சும்மா, அடுத்த கம்பெனி பாத்துக்கலாம்"னு சொல்லி அனுப்பியிருந்தா அக்கா போயிருப்பாங்க. ஆனா அவங்க போகல. "சார், வேற யாருக்காவது சரியா 7.2 இருக்கா, அவங்க பேரு வந்திருக்கான்னு மட்டும் பாருங்க"ன்னு கேட்டாங்க. ரொம்பச் சரியான கேள்வி. பார்த்தோம். எல்லா டிபார்ட்மென்ட்டும் சேர்த்து சரியா 7.2 எடுத்தவங்க நாலு பேர். நாலு பேருமே பட்டியல்ல இல்ல. 7.21 எடுத்தவங்க எல்லாரும் இருந்தாங்க.

லேப்ல இருந்த மேடம் வந்து ஒரே ஒரு காரியம் பண்ணாங்க. சிஜிபிஏ-வை மட்டும் செலக்ட் பண்ணாம, சிஜிபிஏ கூட்டல் பூஜ்யம்னு செலக்ட் பண்ணாங்க. திரையில வந்தது: 7.199999809265137.

பூஜ்யத்தைக் கூட்டினா எண் மாறக் கூடாது. மாறவும் இல்ல. அது எப்பவுமே அதுவாத்தான் இருந்துச்சு. அதுவரைக்கும் நமக்கு அழகுபடுத்திக் காட்டிக்கிட்டிருந்தாங்க, அவ்வளவுதான்.

மா இல்லாத மெஷின்

ஏன் இப்படி? பாடப் புத்தகத்துல "பைனரியில சில பின்னங்களை முழுசா எழுத முடியாது"ன்னு ஒரே வரியில முடிச்சிடுவாங்க. நான் வேற வழியில சொல்றேன்.

நம்ம ஊர்ல பழைய பின்னக் கணக்கு இருக்கு இல்லையா? அரை, கால், அரைக்கால், மாகாணி. அதாவது 1/2, 1/4, 1/8, 1/16. ஒவ்வொண்ணும் முந்தினதுல பாதி. தாத்தா பாட்டி காலத்துல இதை வாய்ப்பாடாவே படிச்சாங்க. ஆனா அதே கணக்குல இன்னொரு கிளையும் உண்டு. மா-ன்னா 1/20. இருமா-ன்னா 1/10. காணி-ன்னா 1/80. மாவையும் காணியையும் கூட்டினா மாகாணி, 1/16. கீழ போய் முந்திரி, 1/320. இந்த ரெண்டாவது கிளையில 5 ஒளிஞ்சிருக்கு. அதனால பத்துல ஒரு பங்கைச் சொல்லணும்னா நம்ம முன்னோர்களுக்கு ஒரே வார்த்தை போதும், இருமா.

கம்ப்யூட்டர்கிட்ட முதல் கிளை மட்டும்தான் இருக்கு. அரை, கால், அரைக்கால், மாகாணி, அதுல பாதி, அதுல பாதின்னு இறங்கிக்கிட்டே போகலாம். மா கிடையாது. அதை வெச்சு 1/10-ஐச் செய்யப் பாருங்க. 1/16 எடுங்க, பத்தல. 1/32 சேருங்க, 0.09375. இன்னும் பத்தல. 1/256, 1/512 ரெண்டும் சேருங்க, 0.099609375. கிட்ட வரும், கிட்ட வரும், ஆனா வந்து சேராது. நமக்கு 1/3-ஐ தசமத்துல எழுதினா 0.3333-ன்னு ஓடற மாதிரி, அதுக்கு 1/10 முடிவே இல்லாம ஓடும். எங்கயாவது வெட்டித்தான் ஆகணும்.

எங்க வெட்டறதுன்னு 1985-ல ஒரு தரநிலை வந்துச்சு, ஐ-ட்ரிபிள்-ஈ 754. அதுல பெரிய பங்கு வில்லியம் கேஹனோடது. அவருக்கு 1989-ல டூரிங் விருது கிடைச்சது. அதன்படி 32 பிட் எண்ணுக்கு 24 பைனரி இலக்கம் துல்லியம், 64 பிட் எண்ணுக்கு 53. மைஎஸ்க்யூஎல்-ல ஃப்ளோட்னா 32 பிட், டபுள்னா 64. எஸ்க்யூஎல் சர்வர்லயும் போஸ்ட்கிரெஸ்லயும் வெறும் ஃப்ளோட்னு எழுதினா 64 பிட், 32 பிட் வேணும்னா ரியல்னு எழுதணும். ஒரே பேரு, வேற வேற அளவு. ஒரு டேட்டாபேஸ்ல படிச்சுட்டு இன்னொண்ணுக்குப் போறவங்க இதை மனசுல வெச்சுக்கோங்க.

இப்போ அந்த க்வெரிக்கு வருவோம். ஃபீல்டுக்குள்ள 24 இலக்கத்தோட வெட்டின 7.2 இருக்கு. அது உண்மையான 7.2-ஐ விடக் கொஞ்சம் கம்மி, 7.1999998 சொச்சம். க்வெரியில நாம எழுதின 7.2 ஒப்பிடும்போது 53 இலக்கத்தோட வருது. அது 7.2-க்கு ரொம்பவே பக்கத்துல இருக்கு. ரெண்டையும் பக்கத்துல பக்கத்துல நிறுத்தினா, முதலாவது சின்னது. அதனால பட்டியல்ல இல்ல.

அப்போ இத்தனை வருஷம் ஏன் யாருக்கும் தெரியல? 6.5, 7, 7.5, 8 எல்லாம் அரையும் முழுசும். மெஷினுக்கு அத்துப்படி, ஒரு துளி கூட வெட்ட வேண்டாம். ரெண்டு தசம இடம் இருக்கற எண்களை எடுத்துக்கிட்டா .00, .25, .50, .75-ன்னு நூத்துக்கு நாலு மட்டும்தான் சரியா உட்காரும். மத்த 96-ம் கொஞ்சம் ஏறியோ கொஞ்சம் இறங்கியோதான் இருக்கும். 6.8 கேட்டிருந்தா பிரச்சினை வந்திருக்காது, ஏன்னா 32 பிட்ல அது மேல ஏறி உட்காரும். 8.2 கேட்டிருந்தா இதே கதைதான். நாமெல்லாம் இந்தக் காலேஜுக்குள்ள வந்த இன்ஜினியரிங் கட்ஆஃபை நினைச்சுப் பாருங்க. கணக்கு 100, இயற்பியலும் வேதியியலும் பாதிப் பாதியாக் குறைஞ்சு 50, 50. 187.5 மாதிரி அரையிலதான் முடியும். மெஷினுக்கு ரொம்பப் பிடிச்ச எண். உள்ள வந்த பிறகு எடுக்கற சிஜிபிஏ-தான் அதுக்கு ஒத்து வராது.

திரையில தெரியறது எண் இல்ல, எழுத்து

நான் அன்னைக்குத்தான் ஒரு விஷயத்தைச் சரியாப் புரிஞ்சுக்கிட்டேன். திரையில நாம பாக்கறது எண்ணே கிடையாது. 7, புள்ளி, 2-ன்னு மூணு எழுத்து. உள்ள இருக்கற பிட்களை யாரோ எழுத்தா மாத்திக் கொடுக்கறாங்க. அந்த மாத்தறவர் எத்தனை இலக்கம் காட்டறார், எங்க நிறுத்தறார்ங்கறதுதான் கதை.

மைஎஸ்க்யூஎல் 32 பிட் ஃப்ளோட்டை ஆறு இலக்கத்துக்குள்ள காட்டும். 7.1999998-ஐ ஆறு இலக்கத்துக்குச் சுருக்கினா 7.2. அதனாலதான் சாருக்கு திரையில 7.2 தெரிஞ்சுது.

போஸ்ட்கிரெஸ்ல இன்னொரு வேடிக்கை. 0.1-ஐயும் 0.2-ஐயும் டபுளா மாத்திக் கூட்டினா, பழைய பதிப்புகள்ல 0.3-ன்னு வரும், ஏன்னா 15 இலக்கம்தான் காட்டும். ஆனா அது 0.3-க்குச் சமமான்னு கேட்டா இல்லம்பாங்க. 2019-ல வந்த 12-ஆம் பதிப்புல இருந்து 0.30000000000000004-ன்னு உள்ளதை உள்ளபடி காட்டுது. பார்க்க அசிங்கமா இருக்குன்னு சிலர் நினைக்கலாம். எனக்கு அதுதான் நேர்மையாப் படுது.

இதுக்குப் பின்னால பெரிய ஆராய்ச்சியே இருக்கு. ஒரு ஃப்ளோட்டை எழுத்தா மாத்தி, அந்த எழுத்தை மறுபடி ஃப்ளோட்டா மாத்தினா பழைய எண்ணே திரும்பி வரணும். அதே சமயம் எழுத்து முடிஞ்ச வரைக்கும் குட்டையா இருக்கணும். 1990-ல ஸ்டீலும் ஒயிட்டும் இதைப் பத்தி ஒரு முக்கியமான ஆய்வுக் கட்டுரை எழுதினாங்க. 2010-ல ஃப்ளோரியன் லாய்ட்ஷ், 2018-ல உல்ஃப் ஆடம்ஸ்னு அடுத்தடுத்து வேகமான வழிகளைக் கண்டுபிடிச்சாங்க. ஆடம்ஸோட ரியூ-ங்கற முறையைத்தான் போஸ்ட்கிரெஸ் 12 எடுத்துக்கிச்சு. நாம சாதாரணமா "பிரின்ட் பண்ணு"ன்னு சொல்ற வேலைக்கு முப்பது வருஷமா மூளையைக் கசக்கியிருக்காங்க.

ஃபோன் நம்பர் 9.87654 ஆன கதை

சிம்போசியம், கல்ச்சுரல்ஸ் நடத்தினவங்களுக்கு இது நல்லாப் புரியும். பதிவு பண்ணவங்க விவரம் எக்ஸெல்ல இருக்கும். அதை எஸ்க்யூஎல் சர்வருக்குள்ள இம்போர்ட் பண்ணா, எண்களா இருக்கற ஃபீல்டை அது தானாவே ஃப்ளோட்னு எடுத்துக்கும். மொபைல் நம்பரும் எண்தானே! அப்புறம் மெசேஜ் அனுப்பறதுக்காக அதை வார்சாரா மாத்தினா, 9876543210-ங்கறது 9.87654e+009-ன்னு வந்து நிக்கும். அந்த நடுவுல இருக்கற e ஆங்கிலமும் இல்ல, தமிழும் இல்ல, "பத்தின் அடுக்கு"ன்னு அர்த்தம். மொத்தம் ஆறு இலக்கம் மட்டும் மிச்சம். கடைசி நாலு இலக்கம் போயே போச்சு. அந்த எழுத்துல இருந்து பழைய நம்பரைத் திரும்ப எடுக்கவே முடியாது.

பயப்படாதீங்க, மூல ஃபீல்டு இருக்கற வரைக்கும் நம்பர் பத்திரம்தான். 64 பிட் ஃப்ளோட்ல 9007199254740992 வரைக்கும் முழு எண்கள் ஒண்ணு விடாம சரியா உட்காரும். பத்து இலக்க மொபைல் நம்பருக்கு இது தாராளம். எழுத்தா மாத்தற இடத்துலதான் வெட்டு விழுது. அதனால நேரா வார்சாருக்குப் போகாம, முதல்ல பிக்இன்ட் அல்லது டெசிமல்(10,0)-க்கு மாத்திட்டு, அப்புறம் வார்சாருக்குப் போங்க. வழியில ஒரு ஸ்டாப்பிங், அவ்வளவுதான்.

எஸ்டிஆர்-னு ஒரு ஃபங்ஷனும் இருக்கு. மொத்த நீளம், தசம இடம் ரெண்டையும் நாமளே சொல்லலாம். ரெண்டு விஷயம் கவனிக்கணும். எண் சின்னதா இருந்தா முன்னாடி காலி இடம் விட்டு வலது பக்கமா ஒதுக்கும், அதை ட்ரிம் பண்ணணும். நீளம் பத்தலைன்னா எண்ணுக்குப் பதிலா நட்சத்திரக் குறிகளா வரும். அது ஒரு விதத்துல நல்லது. தப்பான எண்ணைக் காட்டறதுக்கு நட்சத்திரத்தைக் காட்டறது எவ்வளவோ மேல். உள்ள இருக்கற எண்ணை ஒரு துளி குறையாம எழுத்தா வேணும்னா, கன்வர்ட்ல மூணாவது இடத்துல 3-ன்னு ஸ்டைல் கொடுக்கலாம், 17 இலக்கம் வரும். இது 2016 பதிப்புல இருந்துதான் இருக்கு.

ஆனா உண்மையான தீர்வு இதெல்லாம் இல்ல. ஃபோன் நம்பர் எண்ணே இல்ல. ரெண்டு பேரோட மொபைல் நம்பரை என்னைக்காவது கூட்டியிருக்கோமா? அது ஒரு பேரு மாதிரி. பின்கோடு, ஆதார், பேங்க் அக்கவுன்ட், நம்ம பதிவு எண், எல்லாமே அப்படித்தான். எக்ஸெல்லே 15 இலக்கத்துக்கு மேல போனா மிச்சத்தைப் பூஜ்யமாக்கிடும். 16 இலக்க எண்ணை அதுல எண்ணா டைப் பண்ணாலே கடைசி இலக்கம் காலி. முன்னாடி பூஜ்யம் இருந்தா அதுவும் காணாமப் போயிடும். அதனால எக்ஸெல்லயே அந்த ஃபீல்டை டெக்ஸ்ட்னு மாத்திட்டு அப்புறம் டைப் பண்ணுங்க.

டெசிமல்னு சொன்னா மட்டும் போதாது

"சரி, ஃப்ளோட் வேண்டாம், டெசிமலா மாத்திடறேன்"னு கிளம்புவீங்க. நல்ல முடிவுதான். ஆனா வழியில மூணு பள்ளம் இருக்கு.

ஒண்ணு: காஸ்ட்ல வெறும் டெசிமல்னு எழுதி விட்டுட்டா, மைஎஸ்க்யூஎல் அதை டெசிமல்(10,0)-ன்னும், எஸ்க்யூஎல் சர்வர் டெசிமல்(18,0)-ன்னும் எடுத்துக்கும். அந்தப் பூஜ்யம்தான் தசம இடம். உங்க 7.2 சத்தமில்லாம 7 ஆயிடும். எரர் வராது, வார்னிங் வராது. எத்தனை இலக்கம், எத்தனை தசம இடம்னு எப்பவும் சொல்லுங்க. சிஜிபிஏ-வுக்கு டெசிமல்(4,2) போதும், பத்துக்குப் பத்து எடுக்கறவங்களுக்கும் இடம் இருக்கும்.

ரெண்டு: ஃப்ளோட்ல இருக்கற 7.9-ஐ முழு எண்ணா மாத்தச் சொல்லுங்க. எஸ்க்யூஎல் சர்வர் 7 தரும், அது தசமத்தை வெட்டி எறியும். போஸ்ட்கிரெஸும் மைஎஸ்க்யூஎல்லும் 8 தரும், அவங்க பக்கத்து முழு எண்ணுக்குப் போவாங்க. ஒரே கேள்வி, ரெண்டு பதில். ஒரு டேட்டாபேஸ்ல இருந்து இன்னொண்ணுக்கு புராஜெக்ட்டை மாத்தும்போது இது கடிக்கும்.

மூணு: சரிபாதி எண்கள். போஸ்ட்கிரெஸ்ல 2.5-ஐ நியூமெரிக்கா ரவுண்டு பண்ணா 3. டபுளா ரவுண்டு பண்ணா பெரும்பாலான மெஷின்கள்ல 2, ஏன்னா அங்க பக்கத்துல இருக்கற இரட்டைப்படை எண்ணுக்குப் போவாங்க. 2.675-ஐ ரெண்டு தசமத்துக்கு ரவுண்டு பண்ணா 2.68 வரணும்னு பள்ளிக்கூடத்துல படிச்சோம். டபுள்ல அது உள்ள 2.67499999999999982 சொச்சமா இருக்கு, அதனால நியாயமான பதில் 2.67. ஆனா போஸ்ட்கிரெஸ்ல அதை நியூமெரிக்கா மாத்தினா, மாத்தும்போதே 15 இலக்கத்துக்குச் சுருக்கி 2.675 ஆக்கிடும். அதுக்கப்புறம் ரவுண்டு பண்ணா 2.68. ரெண்டு தடவை ரவுண்டு பண்ணதால பதிலே மாறிடுச்சு. சொல்லப் போனா, போஸ்ட்கிரெஸ்ல டபுளைக் குறிப்பிட்ட தசம இடத்துக்கு நேரா ரவுண்டு பண்ற ஃபங்ஷனே கிடையாது. நியூமெரிக்கா மாத்திட்டு வான்னு திருப்பி அனுப்பும்.

ரவுண்டு பண்றது யாரோட உரிமை?

இது வரைக்கும் படிச்சுட்டு "பைசா கணக்கு, பாயின்ட் ஒண்ணு கணக்கு, இதுக்கா இவ்வளவு பேச்சு?"ன்னு தோணலாம். ஜெர்மனிக்குப் போவோம்.

1992 ஏப்ரல் 5-ஆம் தேதி ஷ்லெஸ்விக்-ஹோல்ஸ்டைன் மாநிலத்துல தேர்தல். அங்க 5 சதவீத ஓட்டு வாங்காத கட்சிக்குச் சட்டமன்றத்துல இடம் கிடையாது. பசுமைக் கட்சி சரியா 5.0 சதவீதம்னு முடிவு வந்துச்சு. உள்ள வந்துட்டாங்கன்னு நினைச்சாங்க. அப்புறம் பார்த்தா உண்மையான எண் 4.97. முடிவுகளை அச்சடிக்கற புரோகிராம் ஒரு தசம இடத்துக்கு ரவுண்டு பண்ணித்தான் காட்டும். பல வருஷமா பயன்படுத்தின புரோகிராம்தான். எல்லைக்கோட்டுல யாரும் வந்து நிக்காததால யாருக்கும் தெரியல. திருத்தினதும் பசுமைக் கட்சிக்கு இடம் போச்சு. 89 இடம் இருந்த சட்டமன்றத்துல சமூக ஜனநாயகக் கட்சிக்கு 45 இடத்தோட பெரும்பான்மை கிடைச்சுது.

எங்க அக்கா கதைக்கு இது அப்படியே தலைகீழ். அங்க தகுதி இல்லாததைத் தகுதியாக் காட்டுச்சு, இங்க தகுதி இருந்தும் தள்ளி விட்டுச்சு. ரெண்டுலயும் எழுத்தும் எண்ணும் வேற வேற சொல்லுச்சு, மனுஷங்க எழுத்தை மட்டும் பார்த்தாங்க.

இன்னொண்ணு கனடாவுல. வான்கூவர் பங்குச் சந்தை 1982 ஜனவரியில ஒரு புதுக் குறியீட்டை 1000-ல ஆரம்பிச்சது. ஒவ்வொரு பரிவர்த்தனைக்கும் புதுசாக் கணக்குப் போட்டு, மூணு தசம இடத்துக்கு மேல இருந்ததை ரவுண்டு பண்ணாம வெட்டி எறிஞ்சாங்க. ஒரு நாளைக்கு ஆயிரக்கணக்கான தடவை. 1983 நவம்பர்ல குறியீடு 524-ஐ ஒட்டிக் கிடந்துச்சு. திருத்திப் பார்த்தா 1098-க்கு மேல இருந்திருக்கணும். பாதிக்கும் மேல, துளித்துளியா ஒழுகிப் போயிருக்கு.

அதனாலதான் எங்க பட்டியலைச் சரி பண்ணும்போது மேடம் ஒரு கேள்வி கேட்டாங்க. ஃப்ளோட்டை டெசிமல்(4,2)-ஆ மாத்தினா 7.1999998 சரியா 7.20 ஆகும், நாலு பேருக்கும் நியாயம் கிடைக்கும். ஆனா உள்ள மூணு தசமத்தோட 7.196-ன்னு யாருக்காவது இருந்தா, அவங்களும் 7.20 ஆயிடுவாங்க. அது சரியா? இதை க்வெரி எழுதறவங்க முடிவு பண்ணக் கூடாது, விதி எழுதறவங்க முடிவு பண்ணணும்னாங்க. சார் மார்க் ஷீட்டைப் பார்த்தார். மார்க் ஷீட்ல ரெண்டு தசமம்தான் அச்சடிச்சிருக்கு, அதுதான் அதிகாரப்பூர்வமான எண், அதுக்கு மேல யாரும் பாக்க வேண்டாம்னு முடிவாச்சு. நல்ல வேளையா எங்க டேபிள்ல மூணாவது தசமம் யாருக்கும் இல்ல. சாயங்காலத்துக்குள்ள நாலு பேரையும் சேர்த்துப் புதுப் பட்டியல் போச்சு.

அக்கா எழுத்துத் தேர்வுல தேறினாங்க. டெக்னிக்கல் இன்டர்வியூல வெளிய வந்துட்டாங்க. நான் என்ன சொல்றதுன்னு தெரியாம நின்னப்போ, அவங்களே சொன்னாங்க: "பரவால்ல தம்பி. ரெண்டு கேள்விக்குப் பதில் தெரியல. எதுல போச்சுன்னு தெரியுது. படிச்சுக்கலாம்." பட்டியல்ல பேரே வராமப் போயிருந்தா, படிச்சுச் சரி பண்ண அவங்களுக்கு எதுவுமே இருந்திருக்காது.

மூணு கேள்வி

உங்க மினி புராஜெக்ட்டுக்கோ, ஃபைனல் இயர் புராஜெக்ட்டுக்கோ டேபிள் வடிவமைக்கும்போது ஒவ்வொரு ஃபீல்டுக்கும் இதைக் கேட்டுக்கோங்க.

இது அளந்ததா? சென்சார்ல வர்ற வெப்பநிலை, ஜிபிஎஸ் இடம், வோல்டேஜ், மழையளவு. இதெல்லாம் அளக்கும்போதே கொஞ்சம் பிசிறு இருக்கும். ஏழாவது இலக்கத்துல என்ன ஆச்சுன்னு யாரும் கேக்க மாட்டாங்க. தாராளமா ஃப்ளோட் போடுங்க, அதுக்காகத்தான் அதைக் கண்டுபிடிச்சாங்க. ஆனா "சமமா"ன்னு மட்டும் கேக்காதீங்க, "இவ்வளவுக்குள்ள இருக்கா"ன்னு கேளுங்க.

இது எண்ணினதா? பணம், மார்க், சதவீதம், கட்டணம், ஓட்டு. இதுக்கு ஒரு விதி இருக்கு, ஒரு எல்லைக்கோடு இருக்கு, கோட்டுக்கு அந்தப் பக்கம் ஒரு மனுஷர் நிக்கறார். டெசிமல் போடுங்க, தசம இடத்தைச் சொல்லுங்க. எஸ்க்யூலைட் பயன்படுத்தறவங்க கூடுதலாக் கவனமா இருங்க. அங்க டெசிமல்(10,2)-ன்னு எழுதினா ஏத்துக்கும், ஆனா உள்ள தசம எண்ணை 64 பிட் ஃப்ளோட்டாத்தான் வைக்கும். அதுல ரூபாயைப் பைசாவா மாத்தி முழு எண்ணா வைக்கறதுதான் பாதுகாப்பு.

இது பேரா? ஃபோன், ஆதார், பதிவு எண், பின்கோடு. எழுத்தாவே வைங்க.

ஏற்கெனவே ஃப்ளோட்ல கிடக்கற பழைய டேபிள் கையில வந்தா, முதல்ல எண்ணை முழுசாப் பாருங்க. மைஎஸ்க்யூஎல்-ல பூஜ்யத்தைக் கூட்டிப் பாருங்க, எஸ்க்யூஎல் சர்வர்ல ஸ்டைல் 3 போட்டுப் பாருங்க. அப்புறம், எத்தனை தசமம் வரைக்கும் அதிகாரப்பூர்வம்னு பொறுப்புல இருக்கறவங்ககிட்ட கேளுங்க. அதுக்கப்புறம் ஒரே ஒரு தடவை, ஒரே ஒரு இடத்துல டெசிமலா மாத்துங்க. காட்டறதுக்கு ஒரு ரவுண்டு, ஒப்பிடறதுக்கு இன்னொரு ரவுண்டுன்னு வெச்சா, திரையும் க்வெரியும் மறுபடி ஆளுக்கொண்ணு பேசும்.

இன்னும் ரெண்டு வருஷத்துல நம்மள்ல பல பேர் எங்கயோ உட்கார்ந்து இந்த மாதிரி க்வெரி எழுதப் போறோம். ரேஷன் பட்டியலா இருக்கலாம், ஸ்காலர்ஷிப்பா இருக்கலாம், பேங்க் லோனா இருக்கலாம். அந்தப் பட்டியல்ல பேரு வராத ஒருத்தர் கவுன்டர்ல வந்து "எனக்குத் தகுதி இருக்கே"ன்னு சொல்லுவார். "கம்ப்யூட்டர் சொல்லுது"ன்னு பதில் சொல்றதுக்கு முன்னாடி, ஒரு பூஜ்யத்தைக் கூட்டிப் பாருங்க.